சட்டத்தைக் குடிசைக்குக் கொண்டு சென்ற செயலாளர்

சட்டசபையில் ஒரு சட்டம் நிறைவேறுகிறது. அரசிதழில் அது அச்சாகிறது. அதன் பிரதிகள் ஜில்லாத் தலைநகரத்துக்கும், அங்கிருந்து தாலுகா அலுவலகத்துக்கும் வருகின்றன. அங்கே ஓர் அலமாரியில் அடுக்கப்படுகின்றன. ஆனால், அச்சட்டம் எவனுக்காக இயற்றப்பட்டதோ அந்த மனிதன் தாலுகா அலுவலகத்திலிருந்து ஐந்து மைல் தொலைவில், ஒருவருடைய நிலத்தில் குனிந்து நின்று வேலை செய்துகொண்டிருக்கிறான். தனக்காக ஒரு சட்டம் பிறந்திருக்கிறது என்பதை அவன் அறியான். டெல்லியிலிருந்து தாலுகா அலுவலகம் வரையில் சில நாட்களில் வந்துவிட்ட சட்டம், கடைசி ஐந்து மைலைக் கடக்கப் பல ஆண்டுகள் ஆகிவிடுவதை நாம் காண்கிறோம்.

இந்தக் கடைசி ஐந்து மைலைக் கடப்பது யாருடைய வேலை? இக்கேள்விக்கு விடை காண, ஓர் உயர்ந்த உத்தியோகஸ்தரின் வாழ்வை இந்தப் பாடத்திற்குப் பொருளாக எடுத்துக்கொண்டிருக்கிறோம். அவர் பெயர் எஸ். ஆர். சங்கரன். பிறந்தது தமிழ்நாட்டில், பணியாற்றியது பெரும்பாலும் ஆந்திரப் பிரதேசத்தில். அவருடைய வாழ்வை அறிந்துகொள்வது பெருமைக்காக மட்டுமன்று. பஞ்சாயத்து அங்கத்தினர்களாகிய நமக்கும், கூலியாட்களை வைத்து விவசாயம் செய்கிற நமக்கும் அதில் நேரான பாடம் இருக்கிறது.

உத்தியோகத்தின் படிகள்

சங்கரன் 1934ஆம் ஆண்டில் தஞ்சை ஜில்லாவில் பிறந்தார். சென்னை லயோலாக் கல்லூரியில் கல்வி கற்றார். 1950களின் பிற்பகுதியில் இந்திய ஆட்சிப் பணியில், அதாவது ஐ.ஏ.எஸ். பணியில் சேர்ந்து, ஆந்திரப் பிரதேசத்திற்கு அனுப்பப்பட்டார்.

ஐ.ஏ.எஸ். என்பது அகில இந்தியப் பணிகளுள் ஒன்று. இப்பணியில் சேருகிறவர் முதலில் பயிற்சி பெற்று, சப் கலெக்டராக ஒரு கோட்டத்தை நிர்வகிப்பார். பின்னர் கலெக்டராகி ஒரு ஜில்லாவின் பொறுப்பை ஏற்பார். அதன் பிறகு தலைமைச் செயலகத்தில் ஏதேனும் ஓர் இலாகாவின் செயலாளர் ஆவார். செயலாளர்களுக்கெல்லாம் தலைவராக இருப்பவர் தலைமைச் செயலாளர். ராஜ்யத்தில் பணியாற்றுகிற அதிகாரியை மத்திய சர்க்கார் சில காலம் தன்னிடம் அழைத்துக்கொள்வதும் உண்டு. கொள்கையை வகுப்பவர்கள் மக்கள் தேர்ந்தெடுத்த மந்திரிகள். அதற்கு வேண்டிய விவரங்களைத் திரட்டி ஆலோசனை கூறுவதும், முடிவானதைச் செய்து காட்டுவதும் செயலாளருடைய கடமை.

இந்தப் படிகள் யாவற்றையும் சங்கரன் ஏறினார். 1971 முதல் 1973 வரை மத்திய உருக்கு, சுரங்க மந்திரியாக இருந்த மோகன் குமாரமங்கலத்தின் சிறப்பு உதவியாளராக அவர் இருந்தார். நிலக்கரிச் சுரங்கங்கள் தேசிய உடைமையாக்கப்பட்ட காலம் அது. பின்னர் ஆந்திரப் பிரதேசத்தில் சமூக நல இலாகாவின் செயலாளரானார். திரிபுரா ராஜ்யத்தில் தலைமைச் செயலாளராக இருந்தார். இறுதியாக மத்திய சர்க்காரில் ஊரக வளர்ச்சித் துறையின் செயலாளராகி, 1992இல் ஓய்வு பெற்றார்.

படிகளை மட்டும் எண்ணினால் இவரைப்போல் உயர்ந்தவர்கள் பலர் உண்டு. சமூக நல இலாகாவைப் பலர் பெரிய பதவியாகக் கருதுவதில்லை. நிதி, தொழில், உள்துறை ஆகியவையே அதிகாரமுள்ள இலாகாக்கள் என்பது பொதுவான எண்ணம். சங்கரனோ சமூக நல இலாகாவையே தம் உத்தியோக வாழ்வின் நடுவிடமாகக் கொண்டார். அங்கே அவர் கையில் எடுத்த வேலைகளுள் முக்கியமானது கொத்தடிமை ஒழிப்பு.

கொத்தடிமை என்பது யாது?

நமது அரசியல் சட்டத்தின் 23ஆவது பிரிவு, வலிந்து வேலை வாங்குவதைத் தடை செய்கிறது. அந்தத் தடையைச் செயலாக்க 1975 அக்டோபரில் ஓர் அவசரச் சட்டம் பிறந்தது. 1976இல் அது கொத்தடிமைத் தொழிலாளர் முறை ஒழிப்புச் சட்டமாக நிறைவேறியது. இச்சட்டம் கொத்தடிமை முறையின் பல உள்ளூர்ப் பெயர்களை வரிசையாகச் சொல்கிறது. ஆந்திரத்தில் வழங்கும் ஜீதம், பாலேறு, வெட்டி ஆகியவற்றோடு, தமிழ்ச் சொற்களாகிய படியாள், பண்ணையிலாள் என்பனவும் அதில் உண்டு. தஞ்சை ஜில்லாவில் பண்ணையாட்களின் பாதுகாப்பிற்காக 1952ஆம் ஆண்டிலேயே தனிச் சட்டம் செய்ய வேண்டியிருந்தது. சங்கரனுக்கு அப்போது வயது பதினெட்டு. ஆகவே இது எங்கோ வடக்கே இருந்த வழக்கம் என்று நாம் ஒதுக்கிவிட இயலாது.

கால் விலங்கும் பூட்டிய அறையும் இருந்தால்தான் கொத்தடிமை என்று பலர் நினைக்கின்றனர். அது சரியன்று. ஒருவன் கடனோ முன்பணமோ வாங்குகிறான். அதற்கு ஈடாக அவனோ அவன் குடும்பத்தாரோ கூலியின்றியோ பெயரளவான கூலிக்கோ வேலை செய்ய நேருகிறது. அல்லது வேறிடம் சென்று வேலை தேடும் உரிமையை, விரும்பிய இடத்திற்குப் போகும் உரிமையை, தன் விளைபொருளைச் சந்தை விலைக்கு விற்கும் உரிமையை அவன் இழக்கிறான். இவற்றுள் ஏதேனும் ஒன்று இருந்தாலும் போதும், அது கொத்தடிமைதான். குறைந்தபட்சக் கூலிக்கும் குறைவாகக் கொடுத்து வேலை வாங்குவதும் வலிந்து வாங்கும் வேலையே என்று சுப்ரீம் கோர்ட்டு 1982இல் தீர்ப்புக் கூறியது.

கடன் எவ்வாறு விலங்காகிறது என்பதை ஒரு கணக்கால் பார்ப்போம். ஒரு குடும்பத் தலைவன் மகளின் திருமணத்திற்காக ரூ. 20,000 முன்பணம் பெற்றதாக வைத்துக்கொள்வோம். அவனுக்குச் சேர வேண்டிய நாட்கூலி ரூ. 400 என்றும், முதலாளி கொடுப்பது ரூ. 200 என்றும் கொள்வோம். நாளொன்றுக்கு ரூ. 200 அவன் கைக்கு வராமலே போகிறது. நூறு நாட்களில் அத்தொகை ரூ. 20,000 ஆகிவிடுகிறது. நியாயமான கணக்கில் நூறாவது நாள் மாலையில் கடன் தீர்ந்தது. ஆனால் முதலாளியின் நோட்டில் அந்த ரூ. 20,000 அப்படியே நிற்கிறது. அடுத்த ஆண்டு மருந்துச் செலவுக்கு வாங்கிய ரூ. 3,000 அதனுடன் சேருகிறது. பத்தாண்டு உழைத்த பின்பும் அவன் கடன்காரனே. நோட்டு முதலாளியிடம் இருக்கிறது. எழுத்தறிவும் முதலாளியிடமே இருக்கிறது.

இந்த முடிச்சை 1976ஆம் ஆண்டுச் சட்டம் ஒரே வெட்டில் அறுத்தது. கொத்தடிமைக் கடன்கள் யாவும் அழிந்தன என்று அது கூறிற்று. அக்கடனைத் திருப்பிக் கேட்டு வழக்குத் தொடுக்க வழியில்லை. கடனுக்காகப் பிடித்து வைத்த பொருளையும் நிலத்தையும் திருப்பித் தர வேண்டும். குடியிருக்கும் மனையிலிருந்து அவனை வெளியேற்றலாகாது. கொத்தடிமையாக வேலை வாங்குகிறவருக்கு மூன்று ஆண்டுவரை சிறையும் ரூ. 2,000 வரை அபராதமும் உண்டு. ஒரு தொழிலாளி இது கொத்தடிமைக் கடன் என்று சொன்னால், அன்று என்று நிரூபிக்க வேண்டியவர் கடன் கொடுத்தவரே. எழுதப் படிக்க அறியாத ஏழையின் நிலையை உணர்ந்து செய்த ஏற்பாடு இது.

அலமாரியிலிருந்த சட்டம்

சட்டம் இவ்வளவு தெளிவாக இருந்தும் செயலுக்கு வரவில்லை. காரணங்கள் இரண்டு.

முதலாவது, கொத்தடிமையாக இருப்பவனுக்குச் சட்டம் தெரியாது. அவன் கடனை ஒரு தருமமாகவே கருதுகிறான். வாங்கியதைக் கொடுக்காமல் போவது பாவம் என்ற நல்ல குணமே அவனைக் கட்டிப் போடுகிறது. இரண்டாவது, அதிகாரிகளின் தயக்கம். தம் எல்லைக்குள் கொத்தடிமைகள் இருக்கிறார்கள் என்று எழுதினால், இதுவரை ஏன் விட்டுவைத்தீர்கள் என்ற கேள்வி வரும். எழுதாவிட்டால் ஒரு கேள்வியும் இல்லை. ஆகவே ‘எண்ணிக்கை: இல்லை’ என்று அறிக்கை அனுப்புவது எளிதாகிவிடுகிறது.

இந்த இரண்டு தடைகளையும் சங்கரன் அறிந்திருந்தார். அவர் செய்தது மிகவும் எளிமையான காரியம். செயலாளர் என்ற பதவியில் இருந்துகொண்டே அவர் கிராமங்களுக்குச் சென்றார். சர்க்கார் பங்களாவில் அமர்ந்து அறிக்கை கேட்கவில்லை. தாழ்த்தப்பட்டோர் குடியிருப்புகளுக்கும், மலைவாழ் மக்களின் ஊர்களுக்கும் நடந்து சென்று, அங்கே தரையில் அமர்ந்து பேசினார். உங்கள் கடனைச் சட்டம் அழித்துவிட்டது, நீங்கள் விரும்பிய இடத்தில் வேலை செய்யலாம் என்று அவர்களிடமே நேரில் கூறினார்.

சட்டத்தில் உள்ளதை உள்ளபடி சொன்னதைத் தவிர அவர் வேறொன்றும் செய்யவில்லை. ஆனால் அதுவே பெரிய எதிர்ப்பை எழுப்பிற்று. நிலமுடையோர் சினம் கொண்டனர். செயலாளர் ஏழைகளைத் தூண்டிவிடுகிறார் என்ற குற்றச்சாட்டு ராஜ்யத்தின் ஆட்சித் தலைமை வரை சென்றது. சட்டத்தை மக்களுக்கு அறிவிப்பது தம் கடமையே என்ற நிலையிலிருந்து சங்கரன் மாறவில்லை. பதவியை விட்டு நீங்கி விடுப்பில் செல்வதற்கு அவர் தயங்கவும் இல்லை.

இவ்விடத்தில் நாம் சற்று நின்று சிந்திக்க வேண்டும். இருதரப்பாரையும் சமமாக நடத்துவதே அதிகாரிக்கு அழகு அல்லவா, ஏழையின் பக்கம் சாய்வது நடுநிலை ஆகுமா என்று ஒருவர் கேட்கலாம். தராசின் ஒரு தட்டில் முன்பே கல் வைத்திருக்கும்போது, நான் எதையும் தொடமாட்டேன் என்று சொல்வது நடுநிலை ஆகாது. அந்தக் கல்லை எடுத்த பிறகே தராசு தராசாகிறது. சட்டம் எடுக்கச் சொன்ன கல்லைத்தான் சங்கரன் எடுத்தார்.

திரிபுராவும், மீண்டும் ஆந்திரமும்

இதன் பிறகு திரிபுரா ராஜ்யத்தின் முதலமைச்சர் நிருபேன் சக்கரவர்த்தி அவரைத் தலைமைச் செயலாளராக அழைத்துக்கொண்டார். மலைவாழ் மக்கள் பெருந்தொகையினராக வாழும் சிறிய ராஜ்யம் அது. முதலமைச்சரும் தலைமைச் செயலாளரும் ஆகிய இருவருமே திருமணம் செய்துகொள்ளாதவர்கள்; இருவருமே மிக எளிய வாழ்வை மேற்கொண்டவர்கள். தலைமைச் செயலாளர் பதவியிலும் சங்கரன் தம் உடைகளைத் தாமே துவைத்து உடுத்தினார் என்று அவரை அறிந்தவர்கள் எழுதியிருக்கின்றனர்.

பின்னர் ஆந்திரத்திற்குத் திரும்பிச் சமூக நலப் பொறுப்பை மீண்டும் ஏற்றார். 1987 டிசம்பரில் கிழக்குக் கோதாவரி ஜில்லாவின் மலைப்பகுதிக்கு மலைவாழ் மக்களைக் காணச் சென்றபோது, ஆயுதம் ஏந்திய நக்சலைட் குழுவினர் அவரையும் உடனிருந்த அதிகாரிகளையும் கடத்திச் சென்றனர். சில நாட்களில் அனைவரும் விடுவிக்கப்பட்டனர். இந்நிகழ்ச்சிக்குப் பின்பும் அவர் கிராமங்களுக்குச் செல்வதை நிறுத்தவில்லை. ஓய்வு பெற்ற பின், 1997 முதல், ஆந்திரத்தில் சர்க்காருக்கும் அக்குழுவினருக்கும் இடையே நடந்த உயிர்ச் சேதத்தைத் தடுக்க அக்கறையுள்ள பிரஜைகளின் குழு ஒன்று முயன்றது. அதைக் கூட்டி நடத்தியவரும் சங்கரனே. 2004 அக்டோபரில் இரு தரப்பாரும் நேரில் அமர்ந்து பேசினர். அப்பேச்சு நிலைத்த பயன் தரவில்லை. எனினும் எதிரெதிர்த் தரப்பார் இருவரும் நம்பத்தக்க மனிதராக ஒரு பழைய செயலாளர் இருந்தார் என்பது கவனிக்கத்தக்கது.

ஓய்வுக் காலத்தில் அவர் மேற்கொண்ட மற்றொரு பணி, மனிதக் கழிவை மனிதன் கையால் அள்ளும் கொடுமையை ஒழிப்பது. இதற்காகப் பாடுபடும் சஃபாயி கர்மசாரி ஆந்தோலன் என்னும் இயக்கத்திற்கு அவர் வழிகாட்டியாக விளங்கினார். இவ்வழக்கத்தைத் தடுக்க 1993இல் ஒரு சட்டம் வந்தது. அதுவும் அலமாரியிலேயே இருந்தது. இயக்கத்தார் 2003இல் சுப்ரீம் கோர்ட்டை அணுகினர். 2013இல் மேலும் வலுவான புதிய சட்டம் பிறந்தது. அதைக் காண அவர் இல்லை. 2010 அக்டோபர் 7ஆம் நாள் ஐதராபாத்தில் அவர் காலமானார்.

2005ஆம் ஆண்டில் சர்க்கார் அளித்த பத்மபூஷண் விருதை அவர் ஏற்றுக்கொள்ளவில்லை. தம் ஓய்வூதியத்தின் பெரும்பகுதியை ஏழைப் பிள்ளைகளின் கல்விக்குச் செலவிட்டார்.

நாம் செய்ய வேண்டியவை

இனி நம் பஞ்சாயத்துக்கு வருவோம். ஒரு செயலாளர் எத்தனை கிராமங்களுக்குச் செல்ல முடியும்? அவர் சென்ற ஊர்களைவிடச் செல்லாத ஊர்களே மிகுதி. பஞ்சாயத்து அங்கத்தினரோ அந்த ஊரிலேயே வாழ்கிறார். எந்தச் சூளையில், எந்த அரைவை ஆலையில், எந்தக் கல்லுடைக்கும் இடத்தில் வெளியூர்க் குடும்பங்கள் தங்கியிருக்கின்றன என்பது அவருக்குத் தெரியும். தமிழ்நாட்டிலும் செங்கற்சூளை, அரிசி ஆலை, கல் குவாரி, மரம் வெட்டும் தொழில் ஆகியவற்றிலிருந்து இருளர் முதலிய ஏழைக் குடும்பங்கள் இந்நூற்றாண்டிலும் மீட்கப்பட்டிருக்கின்றன. ஆகவே கடைசி ஐந்து மைலுக்குப் பொறுப்பாளிகள் நாமே.

முதலில், கவனித்தல். ஒரு குடும்பம் பண்டிகைக்கும் சாவுக்கும்கூடச் சொந்த ஊர் செல்லாமல் இருக்கிறதா? கணவன் வெளியே போனால் மனைவியோ பிள்ளையோ ஈடாக நிறுத்தப்படுகிறார்களா? பள்ளிக்கூட வயதுப் பிள்ளைகள் வேலையிடத்திலேயே இருக்கிறார்களா? கூலி கையில் வராமல் நோட்டில் மட்டும் எழுதப்படுகிறதா? இவை அடையாளங்கள்.

இரண்டாவது, அறிவித்தல். கொத்தடிமை பற்றிய செய்தியைக் கலெக்டருக்கோ, கோட்டாட்சியருக்கோ, தாசில்தாருக்கோ எழுதித் தெரிவிக்கலாம். ஜில்லா அளவிலும் கோட்ட அளவிலும் விழிப்புக் குழுக்கள் இருக்க வேண்டும் என்பது சட்டம். ஜில்லாக் குழுவில் தாழ்த்தப்பட்ட, பழங்குடி வகுப்பினர் மூவரும், சமூக சேவகர் இருவரும் இடம் பெற வேண்டும். அக்குழு நம் ஜில்லாவில் கூடுகிறதா என்று கேட்கும் உரிமை நமக்கு உண்டு.

மூன்றாவது, விடுதலைச் சான்று. மீட்கப்பட்டவர் கையில் அதிகாரி கையொப்பமிட்ட விடுதலைச் சான்று இல்லையெனில் பிற உதவிகள் கிடைப்பது அரிது. 2016ஆம் ஆண்டு மத்திய சர்க்கார் திட்டத்தின்படி மறுவாழ்வு உதவி ஆண் தொழிலாளிக்கு ரூ. 1 லட்சம், பெண்கள், பிள்ளைகள் முதலியோருக்கு ரூ. 2 லட்சம், மிகக் கொடிய சுரண்டலுக்கு ஆளானோருக்கு ரூ. 3 லட்சம். உடனடி உதவி 2022இல் ரூ. 30,000 வரை உயர்த்தப்பட்டது. இந்த உடனடி உதவிக்கு வழக்கின் முடிவு வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை.

நான்காவது, மறுவாழ்வு. விடுதலை பெற்றவனுக்கு மனையும், குடும்ப அட்டையும், வேலையும், பிள்ளைகளுக்குப் பள்ளியும் கிடைக்காவிட்டால் அவன் மீண்டும் அதே முதலாளியிடம் முன்பணம் கேட்டு நிற்பான். மறுவாழ்வு அளிக்காத விடுதலை விடுதலையாகாது என்று சுப்ரீம் கோர்ட்டும் 1984இல் வற்புறுத்தியது. இவற்றிற்குப் பரிந்துரை செய்து பின்தொடர்வது பஞ்சாயத்தின் கையில் உள்ள காரியம்.

விவசாயிகளுக்கு ஒரு வார்த்தை

அவசரத்திற்குக் கேட்டான், கொடுத்தோம். அதுவும் குற்றமா என்று விவசாயி ஒருவர் வருந்திக் கேட்கலாம். நியாயமான கேள்வியே. ஏழைக்கு வங்கி எளிதில் கடன் தருவதில்லை. நள்ளிரவில் பிரசவ வலி கண்டால் அவன் வந்து கதவைத் தட்டுவது நம் வீட்டையே. உதவி செய்வதைச் சட்டம் தடுக்கவில்லை. கூலியை முழுமையாகக் கணக்கிடுங்கள். முன்பணத்தைக் கூலியோடு கலந்து மறைக்காமல் தனியே எழுதுங்கள். அதன் பிரதி ஒன்றைத் தொழிலாளியிடம் கொடுங்கள். திரும்பப் பெற்ற ஒவ்வொரு தொகைக்கும் ரசீது தாருங்கள். எல்லாவற்றிற்கும் மேலாக, அவன் வேறிடத்திற்கு வேலைக்குச் செல்ல விரும்பினால் தடுக்காதீர்கள். இவ்வாறு இருந்தால் அது கடன். அவன் கால் கட்டுண்ட அன்றே அது கொத்தடிமைக் கடன் ஆகிறது. சட்டத்தின் பார்வையில் அழிந்தும் போகிறது.

பஞ்சாயத்து அங்கத்தினர்களுக்கு இதில் தனிச் சோதனை உண்டு. சூளைக்காரர் நம் உறவினராக இருக்கலாம். தேர்தலில் நமக்குத் துணை நின்றவராக இருக்கலாம். மீட்கப்பட வேண்டிய குடும்பமோ வெளியூரிலிருந்து வந்தது. அதற்கு நம் ஊரில் ஓட்டும் இல்லை. சங்கரன் முன் நின்ற சோதனையும் இதுவே. அளவில்தான் வேறுபாடு. அவர் தம் பதவியைப் பணயமாக வைத்தார். நாம் சில நாட்களுக்குச் சிலருடைய முகக்கோணலைப் பொறுத்துக்கொண்டால் போதும்.

அடுத்த கிராம சபையில் பேசுவதற்கு மூன்று கேள்விகளை முன்வைத்து இப்பாடத்தை முடிக்கிறோம். நம் எல்லைக்குள் முன்பணத்திற்கு வேலை செய்யும் குடும்பங்கள் எத்தனை? அவர்கள் விரும்பினால் நாளைக் காலை புறப்பட்டுப் போக முடியுமா? முடியாதெனில், அவர்களுக்காக ஒரு சட்டம் இருக்கிறது என்பதை அவர்களிடம் போய்ச் சொன்னவர் நம்மில் யார்?